மந்திரவாதியும் தந்தையும் – எஸ்.வி. ரங்காராவ்

நுழையும்முன்

திரைப்படம் என்றவுடன் கதைத்தலைவனும் தலைவியும் நம் நினைவுக்கு வருவர். எனினும் தந்தையாகவும் தமையனாகவும் பகைவனாகவும் ஊர்ப் பெரியவராகவும் வந்து செல்வோரே கதைக்கு உயிரூட்டுகின்றனர். அவ்வாறு பல்வேறு குணங்களைத் தம் உடலிலும் குரலிலும் வரைந்து காட்டுவோரைக் குணச்சித்திர நடிகர் என்கிறோம். அக்கலையில் தென்னிந்தியத் திரையுலகின் தலைசிறந்தவர்களுள் ஒருவராக விளங்கியவரின் வாழ்க்கையை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

கலைஞர்கள் வாழ்ந்த நகர்

சென்னையின் தியாகராய நகர் இன்று துணிக்கடைகளாலும் நகைக்கடைகளாலும் அறியப்படுகிறது. நீதிக்கட்சித் தலைவர் சர் பிட்டி தியாகராயரின் பெயரைத் தாங்கி 1920களில் உருவான இக்குடியிருப்பு, இந்திய விடுதலைக்குப் பிந்தைய ஆண்டுகளில் திரைக்கலைஞர்களின் இருப்பிடமாக விளங்கியது. கோடம்பாக்கத்திலும் வடபழனியிலும் இருந்த படப்பிடிப்பு நிலையங்களுக்கு இங்கிருந்து எளிதில் செல்ல முடிந்தது அதற்குரிய காரணங்களுள் ஒன்று. சிவாஜி கணேசன், சாவித்திரி, என்.டி. ராமாராவ் முதலிய பலரும் இங்கு வீடு கட்டி வாழ்ந்தனர். தென்னிந்திய நடிகர் சங்கமும் இந்நகரின் அபிபுல்லா சாலையில் அமைந்தது. எஸ்.வி. ரங்காராவும் தியாகராய நகர்வாசியே.

அக்காலத்தில் ஒரே படப்பிடிப்பு அரங்கில் காலையில் தமிழ்க் காட்சியும் மாலையில் தெலுங்குக் காட்சியும் படமாக்கப்படுவது வழக்கம். ஒரே கதை இரு மொழிகளிலும் உருவாகும்போது, கதைத்தலைவனாக நடிப்பவர் மொழிக்கு மொழி மாறுவதுண்டு. ரங்காராவோ பெரும்பாலும் மாறுவதில்லை. அவருக்கு ஈடாக வேறொருவரைத் தேடுவது அரிதாக இருந்தது. தாய்மொழி தெலுங்காக இருந்தபோதிலும் தமிழைத் தம் குரலிலேயே தெளிவாகவும் கம்பீரமாகவும் ஒலித்தார். அவரைத் தமிழ் நடிகர் என்று தமிழரும், தெலுங்கு நடிகர் என்று தெலுங்கரும் கொண்டாடினர்.

இளமையும் கல்வியும்

சாமர்ல வெங்கட ரங்காராவ் என்பது அவரது முழுப்பெயர். அன்றைய சென்னை மாகாணத்தில் இருந்த கிருஷ்ணா மாவட்டத்தின் நூஜிவீடு என்னும் ஊரில் 1918ஆம் ஆண்டு ஜூலை 3ஆம் நாள் பிறந்தார். தந்தை கோட்டேஸ்வரராவ் ஆயத்துறையில் அரசுப்பணி ஆற்றியவர். பாட்டனார் மருத்துவர். பாட்டனாரின் மறைவுக்குப் பின்னர்ப் பாட்டியார் பேரப்பிள்ளைகளை அழைத்துக்கொண்டு சென்னைக்குக் குடிபெயர்ந்தார். ரங்காராவ் திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில் பயின்றார். தமிழ் அவர் காதிலும் நாவிலும் பதிந்தது இவ்விளம் பருவத்திலேயாகும். வேற்றுமொழியைச் செம்மையாகப் பேசுதல் பிறவியில் வாய்க்கும் வரம் அன்று. கேட்டுப் பழகிப் பெறும் திறன் என்பதற்கு அவர் வாழ்க்கை சான்றாகிறது.

பள்ளி நாடக மேடையில் ஏறியபோது அவருக்கு வயது 12 அளவில் இருந்தது. அன்று தொடங்கிய நாடக விருப்பம் அவரை விட்டு நீங்கவில்லை. பின்னர் ஆந்திரப் பகுதிக்குச் சென்று கல்லூரிக் கல்வியைத் தொடர்ந்து அறிவியலில் பட்டம் பெற்றார். காக்கிநாடாவில் இயங்கிய இளைஞர் நாடகக் குழு ஒன்றில் அவர் நடித்து வந்தார். பிற்காலத்தில் புகழ்பெற்ற அஞ்சலிதேவி, இசையமைப்பாளர் ஆதிநாராயணராவ், நகைச்சுவை நடிகர் ரேலங்கி ஆகியோரும் அக்குழுவோடு தொடர்புடையவர்கள்.

பட்டம் பெற்ற இளைஞருக்கு அரசு வேலை கிடைத்தது. தீயணைப்புத் துறை அதிகாரியாக மசூலிப்பட்டினத்திலும் விஜயநகரத்திலும் பணியாற்றினார். உலகப்போர் சூழ்ந்திருந்த அந்த ஆண்டுகளில் மாதச் சம்பளம் தரும் அரசுப்பணி என்பது குடும்பத்திற்குப் பெரும் பாதுகாப்பாகும். ஆயினும் நாடக மேடையை விட்டு விலகி வாழ்வது அவருக்கு இயலவில்லை. திரைப்படத்தில் நடிக்க அழைப்பு வந்தபோது பணியைத் துறந்தார்.

முதல் படமும் தோல்வியும்

அவர் நடித்த முதல் படம் வரூதினி. 1940களின் பிற்பகுதியில் வெளிவந்த அந்தத் தெலுங்குப் படத்தில் அவரே கதைத்தலைவர். உயரமும் பருத்த உடலும் அகன்ற முகமும் கொண்ட இளைஞர் பெரும்புகழ் பெறுவார் எனப் பலரும் எண்ணியிருக்கக்கூடும். படமோ தோல்வியுற்றது. அடுத்த வாய்ப்பு வரவில்லை.

அரசுப்பணியை விட்டாயிற்று, திரையுலகமும் கைவிட்டது. இத்தகைய நிலையில் மனம் ஒடிந்து போவோர் பலர். ரங்காராவ் ஜம்ஷெட்பூர் சென்று டாடா நிறுவனத்தில் பணிக்கு அமர்ந்தார். 1947ஆம் ஆண்டு இறுதியில் திருமணமும் நடைபெற்றது. கடலோர ஊர்களையும் நாடக நண்பர்களையும் விட்டு நெடுந்தொலைவில், இரும்பாலை நகரில் வாழ்க்கை அமைதியாகச் சென்றது. அவர் அங்கேயே இருந்திருந்தால், கலையார்வம் மிக்க ஓர் அலுவலர் என்பதோடு அவர் வரலாறு முடிந்திருக்கும்.

சில ஆண்டுகளுக்குள் மீண்டும் அழைப்பு வந்தது. பி.ஏ. சுப்பாராவ் தாம் இயக்கவிருந்த படத்தில் முதன்மையான எதிர்மறை வேடத்தை அவருக்கு அளிக்க விரும்பினார். அவ்வேளையில் தந்தை இயற்கை எய்தினார். ஈமக்கடன்களை முடித்து ரங்காராவ் சென்னை வந்து சேர்வதற்குள் அவ்வேடம் வேறொருவர்க்குச் சென்றுவிட்டது. அவருக்குக் கிடைத்தவை சிறு வேடங்களே. எல்.வி. பிரசாத் இயக்கிய மனதேசம் என்னும் படத்தில் 1949இல் அவர் ஏற்றதும் சிறு வேடமே. பின்னாளில் பெரும்புகழ் பெற்ற என்.டி. ராமாராவ் அறிமுகமானதும் அப்படத்திலேதான்.

ஒருமுறை கதைத்தலைவனாக நடித்தவர் சிறு வேடம் ஏற்பதை அக்காலத்தில் இறக்கமாகக் கருதுவோர் உண்டு. ரங்காராவ் அவ்வாறு கருதவில்லை. வேடத்தின் அளவு தம்மால் முடிவு செய்ய இயலாதது. அதில் நிறைய வேண்டிய உயிர் தம்மைச் சார்ந்தது என்பதை அவர் உணர்ந்திருந்தார். அவரது பிற்கால வாழ்வு முழுவதும் இவ்வுணர்வின் மேல் எழுந்ததே.

மந்திரவாதி

நாகிரெட்டியும் சக்கரபாணியும் நடத்திய விஜயா நிறுவனம் தன் முதல் படமான சௌகாரு என்னும் தெலுங்குப் படத்தில் 1950இல் அவருக்கு ஒரு முரட்டு மனிதர் வேடத்தை அளித்தது. அவ்வேடத்தில் வெளிப்பட்ட ஆற்றல், அடுத்த படத்திற்கான வாயிலைத் திறந்தது. கே.வி. ரெட்டி இயக்கத்தில் 1951ஆம் ஆண்டு தமிழிலும் தெலுங்கிலும் வெளிவந்த பாதாள பைரவியில் அவர் நேபாள மந்திரவாதியாக நடித்தார்.

வீரமிக்க ஓர் இளைஞனைப் பலியிட்டுத் தெய்வத்தின் அருளைத் தனதாக்கிக்கொள்ளத் துடிப்பவன் அந்த மந்திரவாதி. இளவரசியை விரும்பும் தோட்டக்காரர் மகனை அவன் தன் வலையில் வீழ்த்துகிறான். கதைப்படி அவன் கொடியவன். ஆனால் ரங்காராவ் அவனை வெறும் அச்சமூட்டும் உருவமாக ஆக்கவில்லை. மெல்லப் பேசி ஆசை காட்டும் தந்திரமும், தன் திறமையில் தானே மகிழும் நகைப்பும், இலக்கு கைக்கெட்டும் வேளையில் எழும் பேராவலும் அவனிடம் இருந்தன. பார்வையாளர் அவனை வெறுத்தனர்; அவன் எப்போது மீண்டும் வருவான் என்று எதிர்பார்க்கவும் செய்தனர். அப்போது ரங்காராவின் வயது 32. இந்தியாவில் 1952ஆம் ஆண்டு நடைபெற்ற முதல் பன்னாட்டுத் திரைப்பட விழாவில் பாதாள பைரவி திரையிடப்பட்டது.

கடோற்கசன்

விஜயா நிறுவனமும் கே.வி. ரெட்டியும் மீண்டும் இணைந்து 1957இல் உருவாக்கிய படம் மாயா பஜார். தமிழில் ஜெமினி கணேசனும் தெலுங்கில் நாகேஸ்வரராவும் அபிமன்யுவாக நடித்தனர். இரு மொழிகளிலும் கடோற்கசன் ரங்காராவே. பீமனுக்கும் இடிம்பைக்கும் பிறந்த இந்த அரக்க வீரனை அவர் விளையாட்டுப் பிள்ளையின் மனமும் மாமலையின் உருவமும் கொண்டவனாகப் படைத்தார். திருமண விருந்திற்காகச் சமைத்து வைத்த உணவையெல்லாம் அவன் ஒருவனே உண்டு தீர்க்கும் காட்சி, ஒளிப்பதிவாளர் மார்க்கஸ் பார்ட்லியின் தந்திரக்காட்சித் திறனோடு இணைந்து, தலைமுறைகள் கடந்தும் குழந்தைகளைச் சிரிக்க வைக்கிறது.

அப்படத்தில் கற்றுக்கொள்ளத்தக்க நுட்பம் ஒன்று உண்டு. கடோற்கசன் மணப்பெண்ணின் உருவெடுத்து அரண்மனைக்குள் புகுகிறான். அவ்விடங்களில் நடிப்பவர் சாவித்திரி. மென்மையான பெண்ணுருவில் இருந்துகொண்டே, தனியே இருக்கும்போது மட்டும் கடோற்கசனின் நிமிர்வையும் நடையையும் மிடுக்கையும் சாவித்திரி வெளிப்படுத்துவார். பார்த்தவுடன் உள்ளிருப்பவன் யார் என்று நமக்குப் புரிகிறது. இது சாவித்திரியின் திறமை. அதே வேளையில், இன்னொருவர் உடலில் ஏறியபோதும் அடையாளம் தெரியுமளவிற்கு அப்பாத்திரத்தின் உடல்மொழியை ரங்காராவ் திட்டமாக வகுத்திருந்தார் என்பதும் இதனால் விளங்கும்.

தெரிந்து தெளிவோம்

உள்ளத்தில் எழும் உணர்வு உடலின்வழிப் பிறர்க்குப் புலனாவதை மெய்ப்பாடு என்பர். தொல்காப்பியம் பொருளதிகாரத்தில் மெய்ப்பாட்டியல் என ஓர் இயலே உள்ளது. நகை, அழுகை, அச்சம், பெருமிதம், வெகுளி உள்ளிட்ட எட்டு மெய்ப்பாடுகள் அங்குக் கூறப்படுகின்றன. நடிப்பின் அடிப்படையும் இதுவே.

தந்தை

புராணப் படங்களின் பேருருவங்களில் புகழ்பெற்ற ஒருவர், அவ்வுருவங்களிலேயே தேங்கிவிடுவது எளிது. ரங்காராவ் அதே ஆண்டுகளில் சமூகப் படங்களில் நம் வீட்டுப் பெரியவராகவும் வந்தார். 1955இல் வெளியான மிஸ்ஸியம்மாவில் கள்ளமற்ற ஜமீன்தாராகத் தோன்றினார். பெரிய குரலையும் பெரிய உருவத்தையும் அடக்கி, வாசல் திண்ணையில் அமர்ந்திருக்கும் எளிய மனிதராக மாறுவது அவருக்குக் கைவந்தது.

பீம்சிங் இயக்கிய படிக்காத மேதை 1960ஆம் ஆண்டு வெளிவந்தது. செல்வம் நிறைந்த குடும்பத்தின் தலைவராக ரங்காராவும், அக்குடும்பத்தில் வளர்ந்த கல்லாத உழைப்பாளி ரங்கனாகச் சிவாஜி கணேசனும் நடித்தனர். செல்வம் கரைகிறது, பெற்ற பிள்ளைகளின் மனமும் மாறுகிறது. பெறாத பிள்ளையாகிய ரங்கனே உண்மை அன்புடையவனாக நிற்கிறான். அவனும் வீட்டை விட்டுச் சென்ற பின்னர், அவன் செய்த பணிவிடைகளை நினைந்து பெரியவர் உருகும் இடத்தில், பாரதியாரின் கண்ணன் பாட்டில் கண்ணனைச் சேவகனாகப் பாடும் பகுதி சீர்காழி கோவிந்தராஜனின் குரலில் ஒலிக்கிறது. அக்காட்சியில் பாடலின் பொருள் முழுவதையும் ரங்காராவின் முகம் சுமக்கிறது. நன்றியும் குற்றவுணர்வும் தனிமையும் அம்முகத்தில் மாறி மாறித் தோன்றுகின்றன. இத்தனைக்கும் அப்போது அவருக்கு வயது ஏறத்தாழ 42. மகன் நிலையில் நடித்த சிவாஜி கணேசனுக்கு வயது ஏறத்தாழ 32. பத்து வயது இடைவெளியைத் தலைமுறை இடைவெளியாக அவர் காட்டியது நரைமுடி ஒப்பனையால் மட்டும் ஆகவில்லை. எழுந்து நிற்பதில் காட்டும் தயக்கத்தாலும், சொல்ல வந்ததைச் சொல்லாமல் நிறுத்துவதாலும், முதுமையை அவர் உள்ளிருந்து வரவழைத்தார்.

தொடர்ந்து 1963இல் நானும் ஒரு பெண், கற்பகம் ஆகிய படங்களும், 1964இல் கை கொடுத்த தெய்வமும் வெளிவந்தன. நிறத்தையும் கல்வியையும் காரணமாக்கிப் பழிக்கப்படும் மருமகளின் மாமனாராக ஒன்றில். மகளின் வாழ்வே தன் வாழ்வென எண்ணும் கிராமத்துப் பெரியவராக இன்னொன்றில். வெகுளித்தனத்தால் ஊராரின் பழிச்சொல்லுக்கு ஆளாகும் பெண்ணின் தந்தையாக மற்றொன்றில். மூவரும் தந்தை நிலையில் இருப்பவரே. ஆனால் ஒருவரைப் போல் மற்றவர் இல்லை. ஒருவருடைய அன்பு அதிகாரத்தோடு வருகிறது. மற்றொருவருடைய அன்பு அச்சத்தோடு வருகிறது. ஒரே உறவுப்பெயருக்குள் எத்தனை வகை மனிதர்கள் இருக்கிறார்கள் என்பதைத் தமிழ்ப் பார்வையாளர்க்கு அவர் காட்டினார்.

கடல் கடந்த சிறப்பு

1963ஆம் ஆண்டு வெளிவந்த நர்த்தனசாலை என்னும் தெலுங்குப் படம், பாண்டவர் விராட நாட்டில் மறைந்து வாழ்ந்த கதையைக் கூறுவது. இதில் ரங்காராவ் ஏற்றது கீசகன் வேடம். பிறர் மனை நயந்து அழியும் அப்பாத்திரத்தின் செருக்கையும் பிடிவாதத்தையும் அவர் குறைத்துக் காட்டவில்லை. அதேவேளையில் மிகைப்படுத்தவும் இல்லை. இந்தோனேசியத் தலைநகர் ஜகார்த்தாவில் 1964இல் நடைபெற்ற மூன்றாம் ஆப்பிரிக்க-ஆசியத் திரைப்பட விழாவில், இவ்வேடத்திற்காகச் சிறந்த நடிகர் விருது அவருக்கு வழங்கப்பட்டது. விருது பெற்றது கதைத்தலைவன் வேடத்திற்கு அன்று என்பதை நாம் மனங்கொள்ள வேண்டும்.

அக்காலத்தில் ஆசியாவின் பிற திரையுலகங்களிலும் இத்தகைய கலைஞர்கள் இருந்தனர். ஜப்பானிய நடிகர் தகாஷி ஷிமுரா அவர்களுள் முதன்மையானவர். இயக்குநர் அகிரா குரோசாவாவின் இருபதுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்த அவர், 1952இல் இகிரு என்னும் படத்தில் நோயுற்று நாள்களை எண்ணும் அரசு அலுவலராகத் தளர்ந்து நின்றார். இரண்டே ஆண்டுகளில் ஏழு சாமுராய்கள் படத்தில் வீரர்களை வழிநடத்தும் மூத்த போராளியாக நிமிர்ந்து நின்றார். சென்னையில் ஒருவரும் டோக்கியோவில் ஒருவரும் ஏறத்தாழ ஒரே காலத்தில் ஒரே கலையைச் செய்துகொண்டிருந்தனர். மொழியும் உடையும் வேறாயினும், ஓர் உடலுக்குள் பல மனிதர்களைக் குடியேற்றும் உழைப்பு இருவர்க்கும் பொதுவாக இருந்தது.

அரக்கனும் தந்தையும் ஒருவராக

ஏ.வி.எம். நிறுவனத்தின் வண்ணப்படமாக 1967இல் வெளிவந்தது பக்த பிரகலாதா. இதில் இரணியன் ரங்காராவ். கம்பராமாயணத்தில் இரணியன் வதைப் படலத்தைப் படித்தவர் இப்பாத்திரத்தின் அருமையை அறிவர். இரணியன் மூவுலகையும் நடுங்கச் செய்யும் அரசன். அவனே தன் சிறு மகனைப் பெற்ற தந்தையும் ஆவான். மகன் தன்னை மறுத்து நாராயணன் பெயரைச் சொல்லும்போது அவனிடம் எழும் சினத்தில் அரசனின் ஆணவமும் உண்டு. தந்தையின் காயமும் உண்டு. பாதாள பைரவியில் தொடங்கிய பேருருவ வேடங்களும், படிக்காத மேதையில் கண்ட தந்தை வேடங்களும் இந்த ஒரே பாத்திரத்தில் வந்து சேர்ந்தன. ரங்காராவின் நடிப்பு முழுவதையும் ஒரு தொடரில் கூற வேண்டுமாயின், அரக்கருக்குள் மனித மனத்தையும், குடும்பத் தந்தைக்குள் அரக்கரும் அஞ்சும் உறுதியையும் அவர் கண்டெடுத்தார் எனலாம். எந்தப் பாத்திரத்தையும் முற்றிலும் தீயதாகவோ முற்றிலும் நல்லதாகவோ அவர் விட்டுவைக்கவில்லை.

இயக்குநரும் எழுத்தாளரும்

நடிப்போடு அவர் நின்றுவிடவில்லை. தெலுங்கில் சிறுகதைகள் எழுதினார். 1967இல் சதுரங்கம் என்னும் தெலுங்குப் படத்தை இயக்கினார். அதே ஆண்டில் கே.எஸ். கோபாலகிருஷ்ணன் இயக்கிய கண் கண்ட தெய்வம் என்னும் தமிழ்ப்படத்தில் எஸ்.வி. சுப்பையாவோடு உடன்பிறந்தார் பாசத்தை உருக்கமாகக் காட்டியிருந்தார். அக்கதையைத் தெலுங்கில் பாந்தவ்யாலு என்னும் பெயரில் 1968இல் தாமே இயக்கினார். ஆந்திர அரசின் நந்தி விருது அப்படத்திற்குக் கிடைத்தது. ஒரு மொழியில் தாம் பெற்ற நல்ல கதையை மற்றொரு மொழிக்குக் கொண்டு சென்ற இச்செயல், இரு மொழிகளுக்கும் அவர் கொண்டிருந்த உரிமையைக் காட்டுகிறது.

1953இல் ஆந்திர மாநிலம் தனியே பிரிந்த பின்னரும் அவர் சென்னையிலேயே வாழ்ந்தார். நில எல்லைகள் மாறிய காலத்தில், கலை வழியே இரு மொழி மக்களையும் இணைத்து நின்ற பலருள் அவரும் ஒருவர்.

மறைவும் நிலைபேறும்

ஓய்வின்றி உழைத்த உடல் தளர்ந்தது. இதயநோய் அவரைத் தாக்கியது. 1974ஆம் ஆண்டு ஜூலை 18ஆம் நாள் சென்னையில் அவர் மறைந்தார். அப்போது அவருக்கு வயது 56. திரையில் எண்ணற்ற முறை முதியவராக வாழ்ந்தவர், தம் சொந்த வாழ்வில் முதுமையை முழுமையாகக் காணவில்லை. இந்தியத் திரைப்படத்தின் நூற்றாண்டையொட்டி 2013இல் அஞ்சல்துறை வெளியிட்ட சிறப்புத் தபால்தலைகளுள் ஒன்று அவர் உருவத்தைத் தாங்கியது.

முதல் படத்தின் தோல்வி அவரைக் கதைத்தலைவர் என்னும் இடத்திலிருந்து விலக்கியது. அத்தோல்வியே அவரைப் பெரியதொரு வெளிக்குக் கொண்டு சென்றது. கதைத்தலைவராக மட்டும் இருந்திருப்பின், இளமை உள்ளவரை ஒரே வகை வேடத்தில் அவர் நின்றிருக்கக்கூடும். குணச்சித்திர நடிகராக அவர் மந்திரவாதியாகவும் ஜமீன்தாராகவும் அரக்கனாகவும் ஆதரவற்ற முதியவராகவும் வாழ்ந்தார். நமக்குக் கிடைக்கும் இடம் முதலிடமாக இல்லாதபோதும், அவ்விடத்தை முழுமையாக நிரப்புவோர் நினைவில் நிலைப்பர் என்பதை அவர் வாழ்வு இளைய தலைமுறைக்கு உணர்த்துகிறது.

கற்பவை கற்றபின்

1. உங்கள் வகுப்பில் அரங்கேற்றத் தக்க நாடகம் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, அதில் மிகச் சிறிய பாத்திரம் ஒன்றின் வயது, நடை, பேச்சு, மனநிலை ஆகியவற்றை விளக்கி ஒரு பக்க அளவில் எழுதுக.

2. எட்டு மெய்ப்பாடுகளுள் ஏதேனும் மூன்றனைச் சொற்களின்றி வகுப்பில் நடித்துக் காட்டுக.

3. ஒரே வகையான உறவுப் பாத்திரம் இருவேறு கதைகளில் எவ்வாறு வேறுபட்டு அமைந்துள்ளது என்பதை நீங்கள் படித்த இலக்கியங்களைக் கொண்டு கலந்துரையாடுக.